ரெஃப்ரி பார்க்காத கை

என் ஆசை அத்தை, கயிற்றுக்கு அந்தப் பக்கம் போய்விட்ட என் ஜோடி,

நலமா என்று கேட்கமாட்டேன். எங்கே இருந்தாலும் நாலு பேரை அதட்டிக்கொண்டுதான் இருப்பீர்கள். நான் நன்றாக இருக்கிறேன். இன்று காலையிலும் பட்டினம் மார்க்கெட்டில், குழாயடிக்குப் பக்கத்தில், உங்கள் இடத்தில்தான் உட்கார்ந்து மீன் விற்றேன். சங்கராவும் கிழங்கானும் வெயில் ஏறுவதற்குள் தீர்ந்துவிட்டன. முதலில் இதைச் சொல்லிவிட வேண்டும் என்றுதான் எழுத உட்கார்ந்தேன்.

'உன்னை எவன்டி எழுப்பப் பாத்தான்' என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. வேறு யார், உங்கள் பெரிய மகன்தான். உங்கள் காரியம் முடிந்து பந்தல் பிரிப்பதற்குள் ஆரம்பித்துவிட்டார். அந்த இடத்தில் அவர் மச்சினன் கண்ணாடிப் பெட்டி வைத்து ஐஸ் மீன் கடை போடப்போகிறாராம். நான் வீட்டோடு இருந்து உங்கள் பேத்தியைப் படிக்க வைக்க வேண்டுமாம். எதை வைத்துப் படிக்க வைப்பது என்று மட்டும் அவர் சொல்லவில்லை. குவைத்திலிருந்து உங்கள் சின்ன மகன், என்னைக் கட்டியவர், போனில், "அண்ணனோட எதுக்கு வம்பு, விட்டுடேன்" என்றார். நீங்க அத்தை வயித்துல பொறந்தவருதானா என்று கேட்டேன். லைன் கட்டாகிவிட்டது.

நான் விடவில்லை அத்தை. விடுவதற்கு நீங்கள் எனக்கு எங்கே சொல்லிக்கொடுத்தீர்கள்?

இந்த வீட்டுக்கு நான் கல்யாணமாகி வந்த முதல் ஞாயிற்றுக்கிழமை நினைவிருக்கிறதா? புது மருமகள் பயந்து பயந்து குழம்பு வைத்துக்கொண்டிருக்கிறேன், நீங்கள் டிவி முன்னால் உட்கார்ந்துகொண்டு, "அடுப்ப அணச்சிட்டு வாடி, குஸ்தி போட்டுட்டான்" என்று கத்துகிறீர்கள். அவர்கள் பேசுகிற இங்கிலீஷ் உங்களுக்கும் புரியாது, எனக்கும் புரியாது. பேர்களும் வாயில் நுழையாது என்று நீங்களே பேர் வைத்திருந்தீர்கள். ஆட்டுத்தாடி, பல்லன், நெட்டை, குண்டன். தடைக்காலத்தில் படகெல்லாம் கரையில் கிடக்கும்போது தெருவே நம் வீட்டில்தான் இருக்கும். ஆம்பிளைகள் பின்னால் நிற்பார்கள். முன்வரிசை உங்களுக்கு.

உங்களுக்குப் பிடித்தது ஜோடிச் சண்டை. இந்தப் பக்கம் ரெண்டு பேர், அந்தப் பக்கம் ரெண்டு பேர். ஆனால் பக்கத்துக்கு ஒருவன்தான் உள்ளே இறங்கலாம். மற்றவன் கயிற்றுக்கு வெளியே கையை நீட்டிக்கொண்டு நிற்க வேண்டும். உள்ளே இருப்பவன் அடி வாங்கி அலுத்து, தவழ்ந்து வந்து அந்தக் கையைத் தொட்டால்தான் வெளியே நிற்பவனுக்கு வேலை. அதையும் கோடு போட்ட சட்டைக்காரன், அந்த ரெஃப்ரி, தன் கண்ணால் பார்க்க வேண்டும். பார்க்கவில்லை என்றால் தொட்டது செல்லாது.

ஆட்டுத்தாடியின் அயோக்கியத்தனம் அங்கேதான். குண்டன் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு வந்து நெட்டையின் கையைத் தொடுகிற நேரம் பார்த்து, ரெஃப்ரியிடம் பேச்சுக்கொடுத்து அந்தப் பக்கம் திருப்பிவிடுவான். பாய்ந்து வந்த நெட்டையை ரெஃப்ரி வெளியே போ என்பான். நீங்கள் டிவிக்கு முன்னால் எழுந்து நின்று, "தொட்டான்டா! நான் பாத்தேன்டா, நொள்ளக்கண்ணா!" என்று போடுகிற சத்தத்தில் எதிர்வீட்டு நாய் குரைக்கும்.

இப்போது உங்கள் பேத்தி அந்தப் பழைய சண்டைகளையெல்லாம் போனில் எடுத்துக்கொடுத்திருக்கிறாள். ஒவ்வொன்றாகப் பார்க்கிறேன். அத்தை, ஒன்று சொல்கிறேன், கோபப்படக்கூடாது. ரெஃப்ரியும் கூட்டுதான். முகத்தைத் திருப்பிக்கொள்வதும் அவன் வேலைதான். எப்போது திரும்ப வேண்டும் என்பது அவனுக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது.

நாமும் ஜோடியாகத்தானே சண்டை போட்டோம். ஐஸ்காரனோடு தகராறா, நீங்கள் உள்ளே, நான் வெளியே. தொண்டை கட்டிக்கொண்டால் திரும்பிக்கூடப் பார்க்காமல் கையைப் பின்னால் நீட்டுவீர்கள். நான் பட்டென்று தட்டுவேன். பிறகு நான் பேசுவேன். சாவு வீடு, கல்யாண வீடு, பேத்தி பள்ளிக்கூடம் எல்லா இடத்திலும் அப்படித்தான். மாமியாரும் மருமகளும் அடித்துக்கொள்வார்கள் என்று காத்திருந்த சொந்தக்காரர்கள் பாவம், ஏமாந்துபோனார்கள்.

நீங்கள் அடித்துக்கொண்டது காத்தாயியம்மாவோடு மட்டும்தான். மார்க்கெட்டில் பக்கத்து இடம், தெருவில் அடுத்த வீடு, ஞாயிற்றுக்கிழமை உங்களோடு முன்வரிசை. ஒரே குறை, அவருக்கு ஆட்டுத்தாடியைத்தான் பிடிக்கும். அவன் நெட்டையின் கண்ணில் பொடி தூவி சாம்பியன் பெல்ட்டை ஜெயித்த அன்று காத்தாயியம்மா கைதட்டினார். "எழுந்து போடி என் வீட்ட விட்டு" என்றீர்கள். போனவர் போனவர்தான். எங்கேயோ ஒரு தாடிக்காரன் பெல்ட் ஜெயித்ததற்குப் பட்டினத்தில் நீங்கள் ரெண்டு பேரும் வருஷக்கணக்காகப் பேச்சை விட்டுவிட்டு, பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து மீன் விற்றீர்கள். ரெண்டு பேருக்கும் நடுவில் நான்தான் சில்லறை மாற்றிக் கொடுப்பேன்.

அப்புறம் காரைக்கால் ஆஸ்பத்திரி. வாதத்தில் உங்களுக்கு வலது பக்கம் விழுந்துவிட்டது, பேச்சும் வரவில்லை. அன்று மத்தியானம் உங்கள் பெரிய மகன் டீ குடிக்கக் கீழே இறங்கிப் போயிருந்தார். நீங்கள் இடது கையைக் கட்டிலை விட்டு வெளியே நீட்டினீர்கள். தண்ணீர் கேட்கிறீர்கள் என்று நினைத்து டம்ளரை எடுத்தேன். கண்ணாலேயே திட்டினீர்கள். அப்போதுதான் புரிந்து என் கையைக் கொடுத்தேன். தட்டினீர்கள். பலமில்லாத தட்டு, ஆனால் தட்டுதான். அவர் டீ குடித்துவிட்டு வந்தபோது உங்கள் கை பழையபடி கட்டிலில் கிடந்தது.

நம் மார்க்கெட்டில் இடத்துக்குக் காகிதம் ஏது? உட்கார்ந்திருப்பவள் யாரைக் காட்டிவிட்டுப் போகிறாளோ அவளுக்கு இடம். போன வெள்ளிக்கிழமை உங்கள் பெரிய மகன் மார்க்கெட் தலைவரையே கூட்டிக்கொண்டு வந்து என் கூடைக்கு முன்னால் நின்றார்.

"அம்மா யாரையும் கை காட்டல. மூத்தவன் நான் சொல்றதுதான்."

"அத்தை என் கையத் தட்டிட்டுதான் போனாங்க" என்றேன்.

அவர் சிரித்தார். மார்க்கெட்டே பார்க்கச் சிரித்தார். "குஸ்தி பாத்துப் பாத்து மாமியா மருமவ ரெண்டு பேருக்கும் புத்தி பேதலிச்சுப் போச்சுங்க. அதெல்லாம் பொய்ச் சண்ட. யாரு பாத்தா? சொல்லு, யாரு பாத்தா?"

உண்மையைத்தான் சொன்னேன், ஆனால் சாட்சிக்கு எங்கே போவேன்? கை என்னையறியாமல் பின்னால் நீண்டது. அங்கே நீங்கள் இல்லை. அந்த ஒரு நிமிஷத்தில்தான் நீங்கள் செத்துப்போனது எனக்கு முழுசாக உறைத்தது.

"நான் பாத்தேன்."

காத்தாயியம்மா. கத்தியில் ஒட்டியிருந்த செதிலை வழித்துப் போட்டுக்கொண்டே, தலையைக்கூட நிமிர்த்தாமல் சொன்னார்.

"நீ எங்க ஆஸ்பத்திரிக்கு வந்த?" என்றார் உங்கள் மகன்.

"வந்தேன். அவளோடதான் எனக்குப் பேச்சில்லையே, அதான் உள்ள வரல. ஜன்னலுக்கு வெளிய நின்னு பாத்தேன். பட்டுன்னு தட்டுனா. சத்தம் எனக்கே கேட்டுச்சு."

அத்தை, உங்கள் கட்டில் மாடியில் இருந்தது. ஜன்னலுக்கு வெளியே ஒரு வேப்பமரம், அதில் நாலு காக்கை. வேறு எதுவும் கிடையாது. அது தலைவருக்கும் தெரியும். ஆரஞ்சுப் பழத்தோடு மூச்சு வாங்க அந்தப் படிகளில் ஏறி வந்து உங்களைப் பார்த்தவர்தானே அவர். காத்தாயியம்மாவை ஒரு தரம் பார்த்தார், என்னை ஒரு தரம் பார்த்தார். பிறகு முகத்தைக் குழாயடிப் பக்கம் திருப்பிக்கொண்டார். "பாத்தவங்க இருக்காங்கல்ல. அது உக்காரட்டும்" என்றார்.

பொய்தான். யார் வேண்டுமானாலும் இதைப் படித்துவிட்டுப் போய்த் தலைவரிடம் சொல்லட்டும். காத்தாயியம்மா பார்த்தது பொய். நீங்கள் தட்டியது பொய்யா? என் உள்ளங்கைக்குத் தெரியாதா?

எல்லோரும் கலைந்த பிறகு காத்தாயியம்மாவிடம் கேட்டேன், "ஏங்க இப்படிச் சொன்னீங்க?"

"என் ஆளு ஆட்டுத்தாடிடி. ரெஃப்ரிய எப்படி திருப்பணும்னு எனக்குத் தெரியாதா?" என்றார். சொல்லிவிட்டு முந்தானையால் மூக்கைச் சிந்தினார். உங்களுக்காகத்தான் அழுதார். பேச்சை விட்டவர் அழுவதை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்.

உங்கள் பெரிய மகன் விடுவதாக இல்லை. ஊர்க் கூட்டத்தில் வைக்கிறாராம். வைக்கட்டும். அங்கே பொம்பிளைகள் பேசும் வழக்கமில்லை என்கிறார்கள். நான் பேசத்தான் போகிறேன். காத்தாயியம்மா என் பின்னாலேயே நிற்பதாகச் சொல்லியிருக்கிறார். எனக்குத் தொண்டை கட்டினால் அப்புறம் அவர் பாடு, ஊர் பாடு.

ஒன்றுக்கு மட்டும் உங்களிடம் அனுமதி வேண்டும். இல்லை, அனுமதி கேட்கவில்லை, தகவல் சொல்கிறேன். வருகிற ஞாயிற்றுக்கிழமை காத்தாயியம்மாவை நம் வீட்டுக்குக் கூப்பிட்டிருக்கிறேன். போனில் அந்தப் பொடி தூவிய சண்டையைத்தான் போடப்போகிறேன். ஆட்டுத்தாடி ஜெயிக்கும்போது அவர் கைதட்டினால் தட்டட்டும். "நொள்ளக்கண்ணா" என்று உங்களுக்காக நான் கத்துவேன், எதிர்வீட்டு நாய் குரைக்கிற அளவுக்கு. முன்வரிசையில் உங்கள் இடத்தில் யாரையும் உட்காரவிடமாட்டேன்.

குழாயடி இடத்தில் நான் உட்கார்ந்திருப்பேன். என்றைக்காவது நான் எழுந்தால், என் கையை நீட்டி, எனக்குப் பிடித்தவளின் கையில் தட்டிவிட்டுத்தான் எழுவேன். அதுவும் நடுமார்க்கெட்டில், எல்லோரும் பார்க்க. இது உங்கள் மேல் சத்தியம்.

இப்படிக்கு,
நீங்கள் கையைத் தட்டி உள்ளே அனுப்பிய
உங்கள் மருமகள்
ராசாத்தி