பாலியில் சாப்பிட்ட வறை

அஜின்கோர்ட்
டொரண்டோ
06.05.2024

அன்புள்ள மச்சாள் நாகேஸ்வரிக்கு,

நான் பாலித் தீவில் பன்றி சாப்பிடவில்லை. கள் குடிக்கவில்லை. உருவந்து சாமி ஆடவும் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை தமிழ்க்கடையில் கத்தரிக்காய் தெரிந்தெடுத்துக்கொண்டு நின்றேன். முன்பின் பேசியறியாத ஒரு பிள்ளை வந்து, "அன்ரி, இப்ப சுகமோ? மருந்து எடுக்கிறியளோ?" என்று கேட்டாள். என்ன மருந்து என்றேன். அவள் முழுசினாள். பிறகுதான் தெரிந்தது, பயணம் போன இடத்தில் எனக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று கோயில் பெண்கள் குழுவில் நீங்கள் சொல்லியிருக்கிறீர்கள் என்று. கத்தரிக்காயை அங்கேயே போட்டுவிட்டு வந்துவிட்டேன்.

தொலைபேசியில் கேட்டால் நாளைக்கு "நான் அப்பிடிச் சொல்லேல்லை" என்பீர்கள். அதனால் எழுதுகிறேன். நடந்தது நடந்தபடி இருக்கட்டும்.

அன்று வெள்ளிக்கிழமை. மூத்தோர் சங்கத்தார் எல்லோருமாகப் பின்னேரச் சாப்பாட்டுச் சுற்றுலாவுக்குப் போனோம். வழிகாட்டி வயான் முதலில் ஜியாஞார் சந்தைக்குக் கூட்டிப்போனார். அங்கே லக்லக் என்று ஒரு பலகாரம். சின்ன அப்பம் போல, ரம்பை இலைச் சாறு விட்டுப் பச்சையாகச் சுட்டு, மேலே தேங்காய்ப்பூவும் பனைவெல்லப் பாகும் ஊற்றித் தந்தார்கள். நீங்கள் மூன்று வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, "எங்கட அப்பத்துக்குக் கிட்டவும் வராது" என்றீர்கள்.

பிறகு இபு கொமாங் வீடு. இபு என்றால் அம்மா. அவர் அம்மியில் அரைத்த கூட்டில் கச்சோலம் மணத்தது. எங்களுக்கு அது மருந்துச் சரக்கு. அவர் அதைக் கறிக்குப் போடுகிறார், நன்றாகவும் இருக்கிறது. நான் சாப்பிட்டது உராப் என்கிற கீரைச் சம்பல், பொரித்த தெம்பே என்கிற சோயாக்கட்டி, வெறும் சோறு, கடைசியில் கறுப்பரிசிப் பாயசம். ஒவ்வொன்றுக்கும் மரக்கறிச் சட்டி வேறா, கரண்டி வேறா என்று கேட்டுத்தான் சாப்பிட்டேன். நான் எப்படிக் கேட்பேன் என்று உங்களுக்குத் தெரியும்.

இனி நீங்கள் ஊரில் சொல்லாத பகுதி. அங்கே சமைத்த சோற்றில் ஒரு துளியை வாழையிலைத் துண்டில் வைத்து, முதலில் அடுப்புக்கும் வீட்டுக் கோயிலுக்கும் படைப்பார்கள். அதற்குப் பிறகே மனிதர் சாப்பாடு. எங்களில் நான்தான் மூத்தவள் என்று இபு கொமாங் என் கையில் படையல் தட்டைத் தந்தார். நீங்கள் என் முழங்கையைப் பிடித்தீர்கள். "மச்சாள், தொடாதேங்கோ. அண்ணை போனபிறகு தாலி இல்லாத ஆள் நீங்கள். விடுங்கோ, நான் வைக்கிறன்" என்றீர்கள். எல்லோருக்கும் கேட்டது.

நான் வயானிடம், இந்த அம்மாவின் கணவர் எங்கே என்று கேட்டேன். இறந்து கனகாலம் என்றார். பிறகு யார் படைப்பது என்று கேட்டேன். "அவர்தான், வேறு யார்?" என்று என்னை விநோதமாகப் பார்த்தார். நான் உங்கள் கையை எடுத்துவிட்டு, போய்ப் படைத்தேன்.

இவ்வளவுதான் நான் செய்தது. ஊருக்குச் சொல்வதானால் இதைச் சொல்லுங்கள்.

பிரவீனனின் கலியாண விஷயமாக நீங்களும் அவனும் ஏதோ முடிவு எடுத்ததாக அறிகிறேன். மாப்பிள்ளையின் தாய் நான். என்ன முடிவு என்று எனக்கும் எழுதுங்கள்.

புனிதவதி இரத்தினவேல்


யூனியன்வில்
11.05.2024

அன்பான மச்சாளுக்கு,

இருபது நிமிசத் தூரத்தில இருந்துகொண்டு முத்திரை ஒட்டிக் கடிதம் போட்டிருக்கிறீங்கள். தபால்காரன் தர, இவர் ஏதோ கோர்ட்டுக் கடிதமாக்கும் எண்டு பயந்துபோனார். நான் கடைசியாக் கடிதம் எழுதினது ஊரில. பிழை இருந்தாச் சிவப்புப் பேனையால திருத்தித் திருப்பி அனுப்பிப் போடாதேங்கோ. நீங்கள் கொன்வென்ரில படிச்ச ஆள், செய்தாலும் செய்வீங்கள்.

நான் பன்றி எண்டு சொல்லேல்லை. "எல்லாத்தையும் ருசி பாத்தவ, அதையும் சாப்பிட்டிருப்பா போல" எண்டுதான் சொன்னன். கள்ளுக் கதை நான் இல்லை. அது கோயில் குழுச் சந்திரா அக்காவின்ர வேலை. புத்தி பேதலிச்சுது எண்டும் நான் சொல்லேல்லை. "அண்ணை போனதில இருந்து மச்சாள் ஒரு மாதிரி" எண்டன். அது பொய்யோ? நாலு வருசமா நீங்கள் ஆரின்ர சொல்லையாவது கேட்டிருக்கிறீங்களோ?

எனக்கும் மனவருத்தம் இருக்கு. அந்த வீட்டில ஒரு வறை வைச்சவை. பயத்தங்காயும் தேங்காய்ப்பூவும் போட்டு, அம்மான்ர கைப்பதம் அப்பிடியே. நீங்கள் அந்த வழிகாட்டிப் பெடியனோட இங்கிலீசில சட்டி விசாரணை செய்துகொண்டு நிக்க, நான் நல்லாச் சாப்பிட்டன். சாமிக்குப் படைச்சுச் சாப்பிடுற சனம் அவையள், அந்த வீட்டில எதையும் நம்பி வாயில வைக்கலாம் எண்டு எனக்குத் தெரியும். இன்னும் கொஞ்சம் போடுங்கோ எண்டு உங்களைத்தான் கேட்டன். நீங்கள் தட்டைத் தூக்கி அங்கால வைச்சிட்டு, "காரம், இவ்வளவு காணும்" எண்டீங்கள். ஒரு கரண்டி வறை போட உங்களுக்கு மனமில்லை. ஹோட்டலுக்கு வந்து அழுதன், தெரியுமோ?

பிரவீனன்ர விஷயம். நானும் இவரும் அவனோட கதைச்சது உண்மைதான். கலியாணத்தண்டு காலமை மாப்பிள்ளையைத் தண்ணியில தோய வாக்க முதல், பாலில அறுகம்புல்லுத் தோய்ச்சுத் தலையில பாலறுகு வைக்கவேணும். தாய் தேப்பன் இடத்தில நானும் இவரும் நிண்டு முதல் வைக்கிறம். நீங்கள் முன் வரிசையில நல்ல கதிரையில இருந்து பாருங்கோ. உங்களைக் குறைச்சுச் சொல்லேல்லை. புருசன் இல்லாத ஆள் வைக்கிறேல்லை, அது நான் எழுதின சட்டம் இல்லையே. பெண் வீட்டுக்காரர் என்ன நினைப்பினம்? நாளைக்குப் பிள்ளையளுக்கு ஒரு தடிமன் காய்ச்சல் வந்தாலும் உங்களைத்தான் சொல்லுவினம். உங்கட நன்மைக்குத்தான் சொல்லுறன்.

மாம்பழம் ஒரு பெட்டி வாங்கினனாங்கள். பாதி உங்களுக்கு வைச்சிருக்கிறன். கோவம் ஆறினா வாங்கோ.

அன்பு மறவாத மச்சாள்,
நாகேஸ்வரி


அஜின்கோர்ட்
16.05.2024

மச்சாள் நாகேஸ்வரிக்கு,

கடிதம் கிடைத்தது. பிழை திருத்தவில்லை. மாம்பழத்தை நீங்களே சாப்பிடுங்கள்.

பெண் வீட்டார் என்ன நினைப்பார்கள் என்று நீங்கள் ஊகித்துக்கொண்டிருக்க, நான் நேரே போய்க் கேட்டேன். செவ்வாய்க்கிழமை இரண்டு பஸ் மாறி மார்க்கம் நகருக்குப் போனேன். மணப்பெண் யதுஷாவின் தாய் துர்க்கா கதவைத் திறந்துவிட்டு, "கார் எங்கே? ஆரோட வந்தனீங்கள்?" என்று தெருவைப் பார்த்தார். தனியாகத்தான் என்றேன். பாலறுகை முதலில் நான் வைத்தால் உங்களுக்கு மறுப்பு உண்டா என்று கேட்டேன். அவர் தேத்தண்ணீர் ஊற்றிவந்து வைத்தார். பிறகு, "எங்கட வீட்டில எண்டா அம்மா இதுக்கு ஒத்துக்கொள்ளமாட்டா. ஆனா உங்கட பிள்ளைக்கு நீங்கள் வைக்கிறதை மறிக்க நான் ஆர்?" என்றார். சந்தோஷமாகச் சொன்னார் என்று எழுதமாட்டேன். ஆனால் சொன்னார். அது எனக்குப் போதும்.

பிரவீனனையும் கேட்டேன். "அம்மா, நீங்களும் மாமியும் ஸோர்ட் அவுட் பண்ணுங்கோ, ப்ளீஸ்" என்றான். முப்பத்துநான்கு வயது, ஒரு அலுவலகத்தில் இருபது பேருக்கு மேலாளர். அவனை நான் இதற்குள் இழுக்கப் போவதில்லை.

உங்கள் அண்ணை கடைசி இரண்டு வருடமும் கட்டிலில் கிடந்தார். கஞ்சி ஊட்டியதும் துடைத்ததும் திருநீறு பூசியதும் இந்தக் கைதான். நீங்கள் வந்த நாட்களில், "மச்சாளின்ர கை பட்டாத்தான் அண்ணைக்குச் சாப்பாடு இறங்குது" என்று எல்லோருக்கும் சொல்வீர்கள். அவர் கண்ணை மூடிய அன்று அந்தக் கைக்கு என்ன வந்தது? நான் கேலிக்குக் கேட்கவில்லை. தெரிந்தால் எழுதுங்கள்.

வறை விஷயத்தை எழுதுவதில்லை என்றுதான் இருந்தேன். மனமில்லை என்று எழுதிவிட்டீர்கள். அந்தச் சொல்லை என்னால் பேசாமல் விடமுடியாது.

அதன் பெயர் லாவார். பயற்றங்காய் உண்டு, தேங்காய்ப்பூ உண்டு. கொத்திய பன்றியிறைச்சியும் அதன் இரத்தமும் உண்டு. வயான் எனக்கு அதைச் சொன்னபோது நீங்கள் முதல் தட்டை முடித்திருந்தீர்கள். அவர்கள் படைப்பதும் உண்மை, பன்றி சாப்பிடுவதும் உண்மை. சாமி கும்பிடுகிற வீட்டில் மச்ச மாமிசம் இருக்காது என்று நீங்களாகவே முடிவுகட்டிவிட்டீர்கள். பத்து வருடமாக மரக்கறி மட்டும் சாப்பிடுகிறவரிடம், அத்தனை பேர் நடுவில் அதை எப்படிச் சொல்வது? இரண்டாம் முறை கேட்டீர்கள். தட்டைத் தள்ளி வைத்தேன்.

புனிதவதி


யூனியன்வில்
20.05.2024

மச்சாள்,

ரெண்டு நாளா ஒண்டும் இறங்கேல்லை. தண்ணியும் தேத்தண்ணியும்தான். இவர் டொக்டரிட்டப் போவம் எண்டு நிக்கிறார். அவருக்கும் நான் சொல்லேல்லை.

அப்பவே ஏன் சொல்லேல்லை? சொல்லியிருந்தா நான் நம்பியிருக்கமாட்டன், உங்களோட சண்டைதான் பிடிச்சிருப்பன், அது தெரியும். ஆனாலும் கேக்கிறன்.

இந்த வருசத் திருவிழாவுக்கு மடப்பள்ளிப் பொறுப்பை எனக்குத் தந்திருக்கினம். சந்திரா அக்காவுக்கு இது தெரிஞ்சா டொரண்டோ முழுக்கத் தெரிஞ்ச மாதிரி. நான் அந்தப் பக்கம் தலைகாட்ட ஏலாது. கைகூப்பிக் கேக்கிறன், ஒருத்தருக்கும் மூச்சு விட்டிடாதேங்கோ.

பாலறுகை நீங்களே முதல் வையுங்கோ. இவருக்கு நான் சொல்லிச் சமாளிக்கிறன். ஆக்கள் கேட்டாலும் நான் வாய் திறக்கமாட்டன். நீங்களும் மற்றதைப் பற்றி வாய் திறக்காதேங்கோ. அதோட சரி, என்ன?

நாகேஸ்வரி


அஜின்கோர்ட்
24.05.2024

அன்புள்ள மச்சாள்,

முதலில் சாப்பிடுங்கள். அறியாமல் சாப்பிட்டதற்குப் பட்டினி கிடக்கத் தேவையில்லை. மனது கேட்காவிட்டால் கோயிலில் ஒரு அர்ச்சனை செய்யுங்கள். காரணம் ஐயருக்குக்கூடச் சொல்ல வேண்டாம்.

நீங்கள் கேட்டபடி "அதோடு சரி" என்று நான் எழுதமாட்டேன்.

நீங்கள் என்ன சாப்பிட்டீர்கள் என்று நான் ஒருவருக்கும் சொல்லப் போவதில்லை. என்னைப் பற்றி அந்தக் கதைகளையெல்லாம் நீங்கள் சொல்லிக்கொண்டு திரிந்தபோதும் சொல்லவில்லை. இனி நாளைக்கே நீங்கள் மனம் மாறி, நான் பாலறுகு வைக்கக் கூடாது என்று வாசலில் நின்று மறித்தாலும் சொல்லமாட்டேன். அதற்கு விலையாக எனக்கு எதுவும் தரவேண்டாம். நாங்கள் இருவரும் முப்பத்தைந்து வருடத்துக்கு மேலாக ஒரு குடும்பம். இதை வைத்து உங்களிடம் ஒன்றை வாங்குவேன் என்று நினைத்தீர்களே, பன்றி சாப்பிட்டேன் என்று சொன்னதைவிட அதுதான் எனக்குக் குத்தியது.

பாலறுகை நான்தான் முதலில் வைப்பேன். உங்கள் கடிதம் வருவதற்கு முன்பும் அப்படித்தான் இருந்தது. அவனைப் பெற்றவள் நான், அதற்கு ஒருவருடைய சம்மதமும் எனக்குத் தேவையில்லை. குங்குமம் இல்லாத நெற்றியோடு, நான் உடுக்க நினைத்திருக்கிற மாம்பழ நிறச் சேலையோடு, எல்லோரும் பார்க்கத்தான் வைப்பேன். சந்திரா அக்காவுக்கு முன் வரிசையில் நல்ல கதிரை போடச் சொல்லியிருக்கிறேன்.

எனக்குப் பிறகு இரண்டாவதாக நீங்களும் உங்கள் வீட்டுக்காரர் தியாகலிங்கமும் வைக்க வேண்டும். இது நான் விட்டுத்தருகிற இடமல்ல. அவனுடைய மாமி நீங்கள். அவனுடைய தகப்பன் இருந்திருந்தாலும் அந்த இடம் உங்களுடையதுதான். ஆனால் "ஆக்கள் கேட்டாலும் நான் வாய் திறக்கமாட்டன்" என்று எழுதியிருக்கிறீர்கள். அப்படி வாய்மூடி நிற்க வருவதென்றால் வரவேண்டாம். ஆட்கள் கேட்பார்கள். கேட்டால், "அவன்ர தாய், அவதான் முதல் வைக்கவேணும்" என்று நீங்கள் உங்கள் வாயால் சொல்ல வேண்டும். என் கை பட்ட தலையில் உங்கள் கையை வைக்கப் பயமாக இருந்தால், அதையும் ஒளிக்காமல் சொல்லுங்கள். கோபிக்கமாட்டேன் என்று பொய் எழுதமாட்டேன். கோபிப்பேன். ஆனாலும் இப்போது தெரிந்துகொள்வது நல்லது.

பிரவீனனைத் தூது விட வேண்டாம், தொலைபேசியும் எடுக்க வேண்டாம். எனக்குப் பின்னால் வந்து வைப்பீர்களா, மாட்டீர்களா என்று உங்கள் கையால் எழுதி அனுப்புங்கள்.

புனிதவதி