முத்தழகு பேரில் ஒரு பூக்குழி

கூவலேந்தல்,
ஆர்.எஸ்.மங்கலம் வழி,
14.3.1985

அன்புத் தங்கை முத்தழகுக்கு அக்கா ராக்கு எழுதிக்கொண்டது. இங்கே அய்யா, அம்மா, உன் மச்சான் மலையாண்டி, என் மகள் பஞ்சு எல்லாரும் சுகம். பெங்களூர் பயிற்சி முகாமில் உன் உடம்பும் கணுக்காலும் சுகமாக இருக்க மாரியாத்தா துணை.

மிளகாய் பறித்துவிட்டு வந்து இதை எழுதுகிறேன். சோப்புப் போட்டுத் தேய்த்துக் கழுவியும் கையில் காந்தல் போகவில்லை. கண் கலங்கினால் துடைக்க முடியாது. அதனால் கலங்காமல் எழுதி முடிக்கப் பார்க்கிறேன்.

உன் கடிதம் கிடைத்தது. திருவிழாவுக்கு லீவு சொல்லிவிட்டு வருவதாகவும், ஊர்க்காரர்கள் அம்மாவை ஒரு சொல் சொல்லவிடாமல் பூக்குழி இறங்கிவிட்டுப் போவதாகவும் எழுதியிருக்கிறாய். அதற்குத்தான் இந்தப் பதில். நீ வராதே.

கோபப்படாமல் மேலே படி. போன வருஷம் உன் கணுக்கால் பிசகி, இனி ஓட்டம் சந்தேகம் என்று டாக்டர் சொன்னதாக எழுதியிருந்தாய் அல்லவா, அன்றைக்கு அம்மா கோயில் வாசலில் விழுந்து, ஊரே கேட்க வேண்டிக்கொண்டாள். "எம்மக மறுபடி ஓடணும், எல்லாத்தையும் முந்தணும். முந்திட்டா அவளையே ஒன் பூக்குழியில எறக்குறேன் தாயி" என்றாள். மொட்டை போடுகிறேன் என்றிருந்தால் முடி வளர்ந்துவிடும். கிடாய் வெட்டுகிறேன் என்றிருந்தால் அய்யா எங்கேயாவது ஒரு கிடாய் பிடித்திருப்பார். ஓடுகிறவளின் பாதத்தையா ஒருத்தி நேர்ந்துகொள்வாள்? உன்னைச் சுமந்து பெற்றவள், என்ன சொல்ல.

நீயும் சும்மா இருந்தாயா? கால் தேறியதும் கார்த்திகையில் ஓடி, இருநூறு மீட்டரில் இத்தனை வருஷமாக யாரும் தொடாத தேசிய சாதனையை உடைத்துவிட்டாய். பேப்பரில் உன் படத்துக்குக் கீழே நேரத்தைப் புள்ளி வைத்துப் போட்டிருந்தார்கள். அந்தப் புள்ளிக்குப் பின்னால் இருக்கிறதற்கா இவ்வளவு பாடு என்று அய்யா கேட்டார். அம்மா படத்தைக் கத்தரித்துச் சாமி மாடத்தில் வைத்தாள். அன்றிலிருந்து பங்குனி எப்போது வரும் என்பதுதான் ஊரில் பேச்சு.

வருகிற செவ்வாய்க்கிழமை காப்புக் கட்டு. பூக்குழி இறங்குகிறவர்கள் கையில் காப்புக் கட்டிவிட்டால் திருவிழா முடியும்வரை ஊர் எல்லை தாண்டக் கூடாது என்பது உனக்குத் தெரியும். திருவிழா முடிந்த அடுத்த வாரமே டெல்லியில் உனக்கு ஓட்டம். வெளிநாட்டுக்குப் போகிற அணிக்கு அங்கேதான் ஆள் எடுக்கிறார்கள். பயிற்சி இல்லாமல் இங்கே அடைந்து கிடந்து, கடைசியில் நெருப்பிலும் இறங்கி, அந்தக் காலைக் கொண்டுபோய் எப்படி ஓடுவாய்? மற்றவர்களும்தானே இறங்குகிறார்கள் என்பாய். அவர்கள் மிளகாய் பறிக்கிறவர்கள். கொப்புளம் வந்தால் இரண்டு நாள் உட்கார்ந்துகொள்வார்கள். உன்னைக் கெடுக்க ஒரே ஒரு கொப்புளம் போதும்.

அதனால், உனக்குப் பதில் நான் இறங்கலாமா என்று பூசாரி பால்சாமி சித்தப்பாவிடம் போய்க் கேட்டேன். "ஒரே வயித்துல பொறந்தவ எறங்கலாம். ஆனா ஆத்தா சம்மதிக்கணும். பூக்கட்டிப் பாத்துருவோம்" என்றார். அம்மா ஒத்துக்கொள்ளவில்லை. "அவ பேர்ல நேந்தது, அவ காலுதான் வேணும்" என்று சோறு தின்னாமல் படுத்துக்கொண்டாள். அய்யாதான் எழுப்பிக் கோயிலுக்குக் கூட்டி வந்தார்.

இது உனக்கு மட்டும். ஒரு பொட்டலத்தில் வெள்ளைப் பூவும் ஒன்றில் சிவப்புப் பூவும் கட்டிச் சாமி முன்னால் போடுவார்கள். குழந்தை ஒன்றை எடுக்கும். வெள்ளை வந்தால் சம்மதம். பொட்டலம் கட்டிக்கொண்டு வருவது நேர்ந்தவர் வீட்டுப் பெண்ணின் வேலை. நம் வீட்டில் அது நான். இரண்டிலும் நந்தியாவட்டையையே வைத்துக் கட்டிவிட்டேன். பஞ்சு எதை எடுத்தாலும் வெள்ளைதான். எடுக்காததைப் பிரிக்காமல் கண்மாயில் விடுகிற வழக்கம் நல்லதாகப் போயிற்று. உன் மச்சானிடம் மட்டும் மறைக்க முடியவில்லை. தெரிந்ததிலிருந்து அவர் என் முகத்தையே பார்ப்பதில்லை. சாமியை ஏமாற்றிவிட்டேனாம். நான் ஏமாற்றவில்லை. சிவப்பைக் காட்டுகிற சிரமத்தை ஆத்தாளுக்குக் கொடுக்கவில்லை, அவ்வளவுதான்.

அதோடு, பூக்குழியில் ஓடக் கூடாது, நடக்க வேண்டும். உனக்கு நடக்கத் தெரியுமா? சின்ன வயதில், வேலைக்குப் போகிற பெண்கள் மெயின்ரோட்டுக்கு வருவதற்குள் பஸ் போய்விடும் என்று உன்னைத்தான் முன்னால் ஓட விடுவோம். நீ போய் ஒரு காலைப் படியில் வைத்துக்கொண்டு, "எங்க அக்கா வருது, எங்க அக்கா வருது" என்று கண்டக்டரிடம் வசவு வாங்கிக்கொண்டு நிற்பாய். எல்லாரும் ஏறிய பிறகு கடைசியாக நான் வருவேன். அந்தக் கண்டக்டர்தான் திருவாடானைப் பள்ளிக்கூடத்து டிரில் சாரிடம் உன்னைப் பற்றிச் சொன்னார். பிறகு விளையாட்டு விடுதி, ரயில்வே வேலை, இந்தச் சாதனை. எல்லாம் நான் மெதுவாக நடந்ததால் வந்ததுதானே? அந்த நடை இன்னொரு தடவை உதவட்டும்.

செவ்வாய்க்கிழமை காப்பு என் கையில் ஏறிவிடும். பிறகு நீ வந்தாலும் பிரயோசனமில்லை. முட்டையும் பாலும் கொடுத்தால் வேண்டாம் என்று சொல்லாமல் சாப்பிடு.

இப்படிக்கு,
உன் அக்கா
ராக்கு


கூவலேந்தல்,
16.4.1985

அன்புத் தங்கை முத்தழகுக்கு, அக்காவின் ஆசீர்வாதம்.

டெல்லியில் நீ முதலாவதாக வந்ததை டீக்கடை ரேடியோவில் கேட்டுவிட்டு உன் மச்சான் மெயின்ரோட்டிலிருந்து ஓடி வந்தார். அவர் ஓடி நான் பார்த்ததே இல்லை. வீட்டு வாசலில் வந்து நின்று மூச்சு வாங்கியதில், நீ ஜெயித்தாயா தோற்றாயா என்று தெரிய எங்களுக்கு நேரமாகிவிட்டது. அய்யா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, டீக்கடையில் இன்னொரு தடவை சொல்வார்களா என்று கேட்கப் போய்விட்டார்.

பூக்குழி எப்படி நடந்தது, கால் எப்படி இருக்கிறது என்று உன் கடிதத்தில் திரும்பத் திரும்பக் கேட்டிருக்கிறாய். நன்றாகவே நடந்தது. நான் அவசரப்படாமல் நடந்தேன். நடுவில் பூசாரி, "வெரசா வா தாயி" என்று சத்தம் போட்டது காதில் விழுந்தது. உன் பேரில் இறங்கிவிட்டுப் பாதியில் ஓட்டம் பிடித்தாள் என்று நாளைக்கு ஒருத்தர் சொல்லிவிடக் கூடாதே. என் நடையிலேயே வந்து கரையேறினேன்.

காலுக்கு ஒன்றும் இல்லை. வெயில் அதிகம் என்று மிளகாய்க் காட்டுக்குப் போகவில்லை. தண்ணீர் உன் மச்சான் எடுத்து வருகிறார். குடம் தூக்கத் தெரியாமல் பாதித் தண்ணீரை வழியிலேயே விட்டுவிடுகிறார். ஆனால் இப்போது என் முகத்தைப் பார்த்துப் பேசுகிறார். பஞ்சு காலையில் என் கட்டிலுக்கே வந்து தலை பின்னிக்கொள்கிறாள். வருஷப் பிறப்புக்கு அம்மாவும் அய்யாவும் மட்டும் கோயிலுக்குப் போய் வந்தார்கள்.

அம்மாவைப் பற்றித்தான் எழுத வேண்டும். யாராவது வீட்டுக்கு வந்தால் சட்டென்று ஒரு சேலையை எடுத்து என் காலை மூடிவிடுகிறாள். சித்திரை வெயிலில் இவளுக்கு என்ன குளிர் என்று பொன்னுச்சாமி பெண்சாதி கேட்டதற்கு, "லேசா காச்ச அடிக்குது" என்று வாய் கூசாமல் சொன்னாள். நேற்று அவள் எண்ணெய் தடவிக்கொண்டிருந்தபோது எனக்கு மனசு பொறுக்கவில்லை. இரண்டு பொட்டலத்திலும் வெள்ளைதான் வைத்தேன் என்று சொல்லிவிட்டேன். அவள் தலையை நிமிர்த்தவே இல்லை. "நம்ம வீட்டுச் செவ்வரளியில ஒரு பூக்கூட நீ பறிக்கலயே. எனக்கே தெரிஞ்சது ஆத்தாளுக்குத் தெரியாதா" என்றாள். அப்புறம் வாழை இலையை வைத்து மெதுவாகக் கட்டிவிட்டாள். அன்றைக்குக் கோயிலுக்கு வரும்போதே அவளுக்குத் தெரியும், முத்தழகு. தெரிந்துதான் வந்து நின்றிருக்கிறாள்.

இனி உன் பேரில் எதுவும் நேர்ந்துகொள்ளக் கூடாது என்று அவளிடம் சத்தியம் வாங்கியிருக்கிறேன். மொட்டை மட்டும் விதிவிலக்கு. அதுவும் அய்யாவுக்கு.

வெளிநாடு போவதற்கு முன்னால் நாலு நாள் ஊருக்கு வா. இப்போது காப்பும் இல்லை, எல்லையும் இல்லை. நீ வருகிற அன்றைக்கு மெயின்ரோட்டுக்கு வந்து உன்னைக் கூட்டிக்கொண்டு வர வேண்டும் என்று எனக்கு ஆசை. அதற்குள் எழுந்து நடந்துவிடுவேன். முன்னைவிடக் கொஞ்சம் மெதுவாக வருவேன், அவ்வளவுதான். நான் வந்து சேர்வதற்குள் நீ பாட்டுக்கு ஊரைப் பார்த்து ஓடி வந்துவிடாதே. கண்டக்டர் என்ன வைதாலும் சரி, ஒரு காலைப் படியில் வைத்துக்கொண்டு பஸ்ஸைக் கொஞ்ச நேரம் நிறுத்தி வை. எங்க அக்கா வருது என்று சொல்லு. வந்துவிடுவேன்.

உன் காலில் ஒரு முள் தைக்காமல் ஆத்தா காப்பாற்றட்டும்.

இப்படிக்கு,
உன் அக்கா
ராக்கு