விளங்குதா என்று கேட்டேன்

யூலை 9, திங்கள்
சோளகக் காற்று. கண்ணெல்லாம் புழுதி. பயிற்சிக்குப் புதிதாக மூன்று பெண்கள். நாலு வருசம் அடம்பன் வயல்களில் மிதிவெடி எடுத்தவள் என்று என்னைப் பயிற்றுநர் ஆக்கிவிட்டார்கள். தனி அறை, தனிக் கதிரை. கூட வேலை செய்தவர்கள் இன்னும் வயலில்.
இரும்பு கிடந்தால் கத்தும் கருவியைப் பிடித்துக் காட்டினேன். விளங்குதா என்று கேட்டேன். மூவரும் "ஓம் மிஸ்."
சவர்க்காரம் முடிந்துவிட்டது.

யூலை 10
சோதனை. மண்ணுக்குள் மூன்று இரும்புத் துண்டு புதைத்து வைத்தேன். நஸ்ரினும் மற்றவளும் கண்டுபிடித்தார்கள். விடத்தல்தீவு திரேசம்மா துண்டுகளுக்கு மேலாலேயே நடந்து போய்விட்டார். என்னைவிடப் பத்து வயது மூத்தவர். புருசன் இல்லை, மூன்று பிள்ளைகள். வெள்ளிக்கிழமையும் தவறினால் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்.
"இரும்புக்கும் கத்துது, உப்பு மண்ணுக்கும் கத்துது. எல்லாம் ஒரே சத்தமாக் கேக்குது மிஸ்."
"வடிவாக் கேளுங்கோ அக்கா. வித்தியாசம் தெரியும்."
ஐந்து தரம் இதையே சொன்னேன். வேறு சொல் வரவில்லை. எனக்கும் ஒரு காலம் தெரியாமல் இருந்திருக்கும். ஞாபகமே இல்லை.

யூலை 12
மதியம். வேப்பமரத்தடியில் நஸ்ரின் திரேசம்மாவுக்குச் சொல்லிக்கொண்டிருந்தாள்.
"சத்தம் வந்தா நிண்டு, கருவிய மற்றப் பக்கத்தாலயும் கொண்டு வாங்கோ. திரும்ப அதே இடத்தில கத்தினா இரும்பு. இடம் மாறி மாறிக் கத்தினா உப்பு மண்."
அவ்வளவுதான். நாள் முழுக்க நான் செய்வதும் அதுதான். கை செய்கிறது, வாய் ஒரு நாளும் சொன்னதில்லை.
கிட்டப் போனேன். இருவரும் எழும்பிவிட்டார்கள். அதை எனக்கும் ஒரு தரம் சொல்லும்படி கேட்டேன். நஸ்ரினுக்கு முகம் கறுத்துவிட்டது.
"மன்னிச்சுக்கொள்ளுங்கோ மிஸ். இனி நான் படிப்பிக்கமாட்டன்."
உண்மையாகவே கேட்கிறேன் என்றேன். நம்பவில்லை. அறைக்கு வந்து சாப்பிட்டேன். பாதிச் சோறு மிச்சம்.

யூலை 13, வெள்ளி
காலையில் நஸ்ரின் சொன்னதை அப்படியே பலகையில் எழுதி, கீழே அவள் பெயரையும் போட்டேன்.
மறு சோதனை. திரேசம்மா நின்றார், மற்றப் பக்கத்தால் வந்தார், திரும்ப நின்றார். மூன்று துண்டும் அகப்பட்டன. முகக்கவசத்தைக் கழற்றிவிட்டு ஓடிப்போய் நஸ்ரினைக் கட்டிப்பிடித்து அழுதார். நான் அங்கேயே நின்றேன். கொஞ்ச நேரத்தில் அவர் கண்ணைத் துடைத்து, தலைமயிரைச் சரிசெய்து, என் முன்னால் வந்து கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.
"பெரிய உபகாரம் மிஸ்."
என் கதிரையை இழுத்துப் போட்டு, இருங்கோ அக்கா என்றேன். நின்றுகொண்டே இருந்தார்.