கலாரெஜி ஊர் இடம் மாறிய கிழமை

ஜூன் 3, திங்கள்

சோளகக் காற்று விடாமல் அடிக்கிறது. கொடியில் போட்ட துணி முழுக்க மணல். அன்ரன் கடலுக்குப் போகவில்லை. வீட்டில் இருந்துகொண்டு என் தையல் கத்தரிக்கோலால் நைலோன் கயிறு வெட்டுகிறார். கலியாணம் கட்டின நாளிலிருந்து சொல்கிறேன், மனிசனுக்கு ஏறவில்லை.

பத்து மணிக்குப் பிரான்ஸ் பார்சல். சின்னண்ணா அனுப்பியவை: சவர்க்காரம் 6. சேட் 2 (அன்ரனுக்குக் கொள்ளாது). சொக்லேற் (உருகி ஒரே கட்டி). அடியில், காலுறைக்குள் சுற்றி, கையில் வைத்து விளையாடுகிற ஒரு கேம் மெஷின்! அண்ணாவின் மகன் விளையாடி அலுத்துப்போய் ஒதுக்கியது. மேலே இரண்டு கீறல். இருந்தால் என்ன, மூடி ஒழுங்காகப் பூட்டுகிறது. இரண்டு திரையும் பளிச்.

இனி இதைப் பு.கே. என்று எழுதுவேன். பழைய கேம் ப.கே.

ப.கே.யின் நிலை: மூடி உடைந்து ரப்பர்பாண்டால் கட்டு. பற்றரி செத்துவிட்டது. வயர் செருகியிருந்தால் மட்டும் உயிர், அதுவும் வயரை ஒரு பக்கம் சாய்த்துப் பிடித்தால்தான். ஒரு வருடமாக அதைத் திறக்கவே பயம்.

ஆனால் அதற்குள் ஊர் இருக்கிறது. கலாவும் நானும் விளையாட்டில் கட்டிய ஊர். கலா வெள்ளாங்குளத்துக்காரி, வயல் குடும்பம். மண்டபம் அகதி முகாமில் அவள் அறைக்கும் எங்கள் அறைக்கும் நடுவில் ஒரு சேலைதான் சுவர். சின்னண்ணா பார்க்க வந்தபோது ப.கே.யைத் தந்துவிட்டுப் போனார். விளையாட்டெல்லாம் பிரான்சிலேயே இறக்கி ஏற்றியிருந்தார். காலையில் கலாவின் முறை. பின்னேரம் தையல் முடிய என் முறை. அவள் மரம் நடுவாள், பூக்கன்று வைப்பாள். நான் மீன் பிடிப்பேன், பாலம் போடுவேன். ஊருக்குப் பெயர் வைக்க எட்டு எழுத்துக்குத்தான் இடம். இங்கிலிசு எழுத்தில் கலாரெஜி என்று அடித்தோம். சரியாக எட்டு!

கலாரெஜியில் உள்ளவை: வீடு 2. பாலம் 3. பழமரம் எண்ணிமுடியாது. குடியிருப்பவர்கள் 8 பேர், எல்லாம் மிருகங்கள். அதில் ஒரு வாத்துக்கு அப்படியே என் மாமியின் முகம்.

பத்துக்குப் பன்னிரண்டடி அறைக்குள் இருந்து மூன்று வருடத்தில் கட்டியது. பெருமைதான். வேறெப்படி எழுத?

கலாவுக்குப் போன் எடுத்தேன். "எடியே, புதுக் கேம் வந்திட்டுது. ஊரை அதுக்கு மாத்தப் போறன். உனக்கும் ஒரு கொப்பி அடிச்சுத் தாறன். நிஸாம் நாநாவின்ர கடையில ஒண்டு விக்கக் கிடக்கு, அதை நீ எடு."

"மெய்யாவோ? அந்தோனியார் மேல சத்தியம் பண்ணு."

பண்ணினேன்.

ஜூன் 5, புதன்

வெள்ளை நூல் முடிந்தது. கோயில் பிள்ளைகளின் முதல்நன்மைச் சட்டை நாலு பாதியில் நிற்கிறது. நூல் வாங்கப் போகிறேன் என்று, இரண்டு கேமையும் பைக்குள் வைத்துக்கொண்டு தாராபுரம் போனேன். நிஸாம் நாநாவின் போன் திருத்தும் கடை. அவரும் எங்களைப் போல வெளியே இருந்து திரும்பி வந்தவர்தான், புத்தளத்திலிருந்து.

"லேசு வேலை தங்கச்சி. மெமரிக் காட்டைக் கழட்டி, கொம்பியூட்டருக்குப் போட்டு, கொப்பி அடிச்சாச் சரி."

அடித்தார். கண்ணாடி அலுமாரிக்குள் விற்கக் கிடந்த கேமில் போட்டார். பெயர் தெரிகிறது, திறக்க மாட்டேன் என்கிறது. மூன்று தரம் பார்த்தார். நாலாம் தரம் நாடியைச் சொறிந்தார்.

"எந்த மெஷின்ல வாங்கினதோ அந்த மெஷின்லதான் ஓடுமாம். மத்ததுக்குப் போறதெண்டா ரெண்டையும் பக்கத்துல வச்சு, இன்டர்நெட்டால அதுவே மாத்தணும்."

பு.கே.யில் அதற்கான இடத்தைத் தேடிப் பிடித்தோம். எழுத்து எல்லாம் பிரெஞ்சு. அவர் மொழியை இங்கிலிசுக்கு மாற்றப் போனார். கையைத் தட்டிவிட்டேன்.

"விடுங்கோ நாநா. எனக்கு இங்கிலிசு வராது. பிரெஞ்சு வரும்."

சொன்ன பிறகுதான் எனக்கே உறைத்தது. எட்டாம் வகுப்போடு நின்ற ரெஜினாவுக்குப் பிரெஞ்சு! நாநாவின் முகத்தைப் பார்க்க வேண்டுமே. ஆனால் வரும்தான். ப.கே.யிலிருந்து படித்தது, அண்ணா போனில் திருத்தியது:

வீ: ஓம்
நோன்: இல்லை
மெஸோன்: வீடு
புவாசோன்: மீன்
அபித்தான்: குடியிருப்பவர்
ஸோவ்கார்ட்: சேர்த்து வைத்தது
எஃபாசே: அழிப்பது

கடைசிச் சொல்லைப் படித்த விதம்: கலாரெஜிக்கு முதல் எங்களுக்கு இன்னொரு ஊர் இருந்தது. கேம் ஏதோ கேட்டது. சேர்த்து வைக்கவா என்று கேட்கிறதாக்கும் என்று வீ அமத்தினேன். ஊர் போய்விட்டது. ஐந்து கிழமை வேலை. கலா சேலைச் சுவருக்கு அந்தப் பக்கம் இரண்டு நாள் வாய் திறக்கவில்லை.

இன்றைக்கு அதே சொல் பு.கே.யில் நின்றது. எஃபாசே. விரல் வைத்து வைத்து வாசித்தேன். மாற்றினால் பழையதில் ஒன்றும் மிஞ்சாது. அழிந்துவிடும். நாநா வீயை அமத்தப் போனார். தடுத்தேன்.

கொப்பி இல்லை. ஊர் ஒன்றுதான். இருந்தால் ஒரு கேமில்தான்.

கலாவுக்கு நான் சத்தியம் பண்ணியிருக்கிறேன். நூல் வாங்க மறந்துவிட்டேன்.

ஜூன் 6, வியாழன்

காற்று. தலையிடி. அயலில் நூல் கடன் வாங்கிச் சட்டை 1 முடித்தேன், கை பொருந்தவில்லை, பிரித்தேன்.

ஏன் அப்படி வாக்குக் கொடுத்தேன் என்று யோசித்தேன். வேறொன்றும் இல்லை, கொப்பிப் பழக்கம். திரும்பி வந்த எங்கள் ஆட்கள் எல்லோரிடமும் ஒரு பிளாஸ்ரிக் பைல் உண்டு. பிறப்புப் பத்திரம் 3 கொப்பி, முகாம் காட் 3, காணிக் கடிதம் 5. எந்த அரசாங்கக் கந்தோருக்குப் போனாலும் "கொப்பி கொண்டுவந்தனீங்களோ?" எங்கள் வீட்டில் சட்டையை விடக் கொப்பி அதிகம். உலகத்தில் எல்லாவற்றுக்கும் கொப்பி எடுக்கலாம் என்று நம்பிவிட்டேன்.

கலாவிடம் சொல்லவில்லை. ப.கே. செத்துவிட்டது, ஊர் போய்விட்டது என்று பொய் சொல்லலாமா என்று யோசித்தேன். வெட்கம் கெட்ட யோசனை. எழுதி வைக்கிறேன், பிறகு வாசித்து வெட்கப்பட.

சனிக்கிழமை வருகிறாளாம். "ஊரைப் பாக்காமல் கண்ணுக்குள்ளயே நிக்குது" என்றாள்.

ஜூன் 8, சனி

நித்திரை வராமல் எழுதுகிறேன். சந்தோசத்தில்.

ஒன்பது மணி பஸ்ஸில் கலா. ஒரு பை பாலைப்பழம் கொண்டு வந்தாள். இரண்டு பேருக்கும் உதடு ஒட்டிக்கொண்டது. தாராபுரத்தில் கடை வாசலில் வைத்துச் சொல்லிவிட்டேன். உள்ளே போனால் சொல்ல மாட்டேன் என்று தெரியும்.

"கொப்பி அடிக்க ஏலாதாம். ஒண்டுதான்."

"அப்ப என்னை என்னத்துக்கு வரச் சொன்னனீ? செத்தவீட்டுக்கோ?"

"கலா..."

"சத்தியமெல்லோ பண்ணினனீ!"

திரும்பி பஸ் நிற்கும் இடத்துக்கே நடந்துவிட்டாள். நான் பின்னால் போகவில்லை. என்ன முகத்தோடு போவது?

உள்ளே அன்ரன் படகுப் பற்றரியோடு நின்றார். அது என் யோசனை. மன்னார்க் கரண்டை நம்பி ஊரைக் கொடுக்க மாட்டேன் என்று வெள்ளிக்கிழமையே சொல்லிவிட்டேன். ப.கே.யும், இன்டர்நெட் பெட்டியும், இரண்டும் படகுப் பற்றரியில் ஓட வேண்டும். "என்ர பற்றரி உன்ர வாத்துக்கோ?" என்று அன்ரன் நக்கல் அடித்தார். அடித்துக்கொண்டே மோட்டார்சைக்கிளில் கட்டியும் கொண்டு வந்தார். நாநா சிரித்தார், "கரண்ட் இருக்கு தங்கச்சி, வீணா என்னத்துக்கு?" பிறகு வயர் பற்றவைத்துத் தந்தார்.

ப.கே.யைச் செருகினேன். வெளிச்சம் வந்தது, போனது. வந்தது, போனது. வயரை இந்தப் பக்கம் சாய்த்தேன், அந்தப் பக்கம் சாய்த்தேன். வியர்வை. அப்போது பின்னால் ஒரு குரல்.

"உனக்கு உந்த வயர் ஒருநாளும் சரிவராது. தள்ளு."

கலா. கதிரையை இழுத்துப் போட்டு இருந்து, வயரை இரண்டு விரலால் பிடித்து, பெருவிரலால் ஒரு அமத்து. வெளிச்சம் நின்றது. முகாமில் செய்த அதே பிடி.

"நீ வாசி," என்றாள் என்னைப் பாராமல். "இந்தமுறையாவது ஒழுங்கா வாசி."

வாசித்தேன். ஒவ்வொரு பக்கமாக. மூன்றாம் பக்கத்தில் எஃபாசே. பெரிய மூச்சு எடுத்து, சிலுவை போட்டு, வீ.

திரையில் ஒரு கோடு ஊரத் தொடங்கியது. கால்வாசி. அரைவாசிக்குக் கிட்ட வரும்போது காற்றாடி நின்றது. லைற் போனது. கரண்ட் கட்!

இரண்டு கேமின் திரைகளும் எரிந்துகொண்டே இருந்தன. கோடு ஊர்ந்துகொண்டே இருந்தது.

"அல்லாவே," என்றார் நாநா. "தங்கச்சி, இனி உங்களைக் கேட்டுத்தான் கடையைத் திறப்பன்."

நாற்பது நிமிடம். கலா கையை எடுக்கவில்லை. நான் பாலைப்பழம் ஊட்டிவிட்டேன், கோபத்தோடு தின்றாள். அன்ரன் பற்றரிக் கொழுக்கியைப் பிடித்தபடி அசையாமல் நின்றார். வாத்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

முடிந்தது. ப.கே. இனி வெறும் பெட்டி. பு.கே.யைத் திறந்தோம். கலாரெஜி!

பாலம் மூன்றும் இருக்கிறது. வீடு இரண்டும் இருக்கிறது. ஆனால் ஊர் முழுக்கப் புல். மாமி வாத்து ஓடிவந்து, இவ்வளவு நாளும் எங்கே போனாய் என்று பிரெஞ்சில் கேட்கிறது. ஒரு வருடம் ஆள் போகாவிட்டால் அப்படித்தானாம்.

"என்னடி இது, நாங்கள் வந்து இறங்கேக்க கிடந்த எங்கட காணி மாதிரி," என்றாள் கலா. சிரிப்பு வந்துவிட்டது அவளுக்கு. எனக்கு அழுகை.

ஜூன் 9, ஞாயிறு

கலா இரவு இங்கேயே தங்கினாள். பூசை முடிந்து வந்து இரண்டு பேரும் கலாரெஜியில் புல் பிடுங்கினோம். பாதி அவள், பாதி நான். சோறு கருகியது.

கேமை ஆர் வைத்திருப்பது என்ற கதையை இரண்டு பேரும் எடுக்கவில்லை. அன்ரன்தான், மீன் முள் எடுத்தபடி, "கரைவலைக்கு முறை வைக்கிறதுபோல முறை வையுங்கோவன். சோளகக் காலத்துக்கு ஒராள், வாடைக் காலத்துக்கு ஒராள்," என்றார்.

மனிசன் எப்போதாவது புத்தியாகக் கதைத்தால் எழுதி வைக்க வேண்டும். வாடைக்கு மழை, கலாவுக்கு வயல், தலை நிமிர நேரம் இராது. அப்போது எனக்கு. சோளகத்தில் அவளுக்கு வேலை குறைவு. அப்படியென்றால் இப்போது அவள் முறை.

"அண்ணா உனக்கெல்லோ அனுப்பினவர். நீ வச்சிரு," என்றாள்.

"அண்ணா கேமை எனக்குத்தான் அனுப்பினவர். ஊர் எங்கட ரெண்டு பேரின்ரயும். கொண்டு போ."

"பிரெஞ்சில ஏதும் கேட்டால் நான் என்ன செய்ய?"

"எழுத்தைச் சொல்லு, நான் சொல்லுறன்."

மூன்று மணி பஸ். பழையபடி காலுறைக்குள் சுற்றிக் கொடுத்தேன். பஸ் திரும்பும்வரை நிமிர்ந்துதான் நின்றேன்.

ஜூன் 11, செவ்வாய்

சட்டை 3 முடிந்தது. பின்னேரம் தையல் முடிந்ததும் கை தானாக அலுமாரிக்குப் போகிறது. ப.கே. மட்டும் கிடக்கிறது, ரப்பர்பாண்ட் போட்டபடி. எறிய மனம் இல்லை.

கொடுத்தது சரிதான். சரிதான், ஆனால் கஷ்டம். கலா போன் எடுக்கவில்லை. என்னைக் கேட்காமல் ஊர் நடக்கிறதாக்கும்.

ஜூன் 13, வியாழன்

அந்தோனியார் திருநாள். அன்ரனின் பெயர் நாள். காற்றுக் கொஞ்சம் தணிவு. கோயில் வளவில் சரியான சனம். நாலு சட்டையும் நாலு பிள்ளையில் பார்த்தேன். வடிவு.

ஆசீர் வாங்க வரிசையில் நிற்கும்போது போன். கலா. ஒரே பதற்றம்.

"ரெஜி, கேம் என்னவோ கேக்குது! பெரிய எழுத்து, வீயும் நோனும் நிக்குது. நான் தொடயில்லை."

"தொடாதை! எழுத்தைச் சொல்லு. எஃபாசே இருக்கோ? ஈ, எஃப், எஃப்..."

"இல்லை. அது இல்லை. எச், ஏ, பி, ஐ..."

"ரீ, ஏ, என், ரீயோ?"

"ஓம், ஓம்!"

வரிசையில் முன்னுக்கு நின்றவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். பார்க்கட்டும். எனக்குப் பிரெஞ்சு வரும்.

"கலா, பயப்பிடாதை. ஆரோ எங்கட ஊருக்குக் குடிவரக் கேக்கினம். வீட்டுக்கு இடம் இருக்கோ எண்டு."

அந்தப் பக்கம் மெல்லமாக, "இருக்குத்தானே?"

"இருக்கு," என்றேன். "வீ அமத்து."