என் கைக்கு உறையாதது

உன் வீட்டு அடுப்படியில் இன்று சப்பாத்திக்கள்ளிப் பழம் கொதித்தது. நீ கண்ணை மூடிய பிறகு முதல் தடவை. தனியாக ஜெல்லி கிண்டப் பயமாக இருக்கிறது, கூட நில்லுங்கள் என்று உன் மருமகள் கூப்பிட்டாள். சர்க்கரை கரைந்து பாகு பொங்கும்போது எலுமிச்சம்பழத்தை அறுத்துப் பிழியப் போனாள். கெட்டுவிடுமே என்று பதறிக் கையைப் பிடித்தேன். அவள் சிரித்துவிட்டாள்.

"அத்தை எப்பவும் பிழிவாகளே, சின்னத்தை. இது இல்லாட்டி உறையாதுன்னு சொல்வாக. ஒங்களுக்குத் தெரியாதா?"

தெரியாதடி எனக்கு. நீ சொன்னதே இல்லையே.

கடமலைக்குண்டுக் கரட்டில் ஏறி இடுக்கியால் பழம் பறித்தவள் நான். தணலில் புரட்டி முள்ளைப் பொசுக்கியதும், சாற்றைத் துணியில் வடித்ததும் நான்தான். பாகு கொதிக்கும் நேரம் பார்த்து, பாட்டிலைக் கழுவி வரச் சொல்லிக் குழாயடிக்கு அனுப்பிவிடுவாய். வேலையைப் பங்கு போட்டுக்கொள்கிறோம் என்றுதான் நானும் போவேன். என் வீட்டில் தனியாகச் செய்தால் ஒவ்வொரு தடவையும் தண்ணீராய் ஓடும். நீ வந்து அதைத் தோசைக்குத் தொட்டுத் தின்றுகொண்டே சொல்வாய்:

"ஒங் கைராசி அப்படி. என்ன செய்ய?"

எலுமிச்சையை மறைத்ததைக்கூடப் பொறுத்துக்கொள்வேன். ஜெல்லி என்றால் ஊரில் உன் பேர்தான், இருந்துவிட்டுப் போகட்டும். என் கையை ஏனடி சொன்னாய்? அதை நான் நம்பித் தொலைத்தேனே. பாலுக்கு உறை ஊற்றக்கூட மகளைக் கூப்பிட்டேன். அவள் கல்யாணத்தில் பாலிகைச் சட்டியில் நவதானியம் விதைக்க என்னை அழைத்தபோது, முளைக்காமல் போனால் என் பிள்ளைக்கு ஆகாதே என்று பயந்து உன் கையில் கொடுத்தேன். பெற்றவள் ஓரமாக நின்றேன். நீ மறுபேச்சுப் பேசாமல் வாங்கி விதைத்தாய். அப்போதாவது உண்மையைச் சொல்லியிருக்கலாம்.

உனக்கு என்மேல் உயிர் என்கிறாள் உன் மருமகள். இருக்கலாம். நீ போன அன்று உன் காலைக் கட்டிக்கொண்டு அழுதவள்தான் நானும். இன்று அந்த அழுகையை நினைத்தால் எரிச்சலாக வருகிறது. கேட்டுச் சண்டை போடவும் நீ இல்லை.

சாயங்காலம் மகள் போன் செய்தாள். "உன் கல்யாணத்தில் அந்த விதையை நானே போட்டிருக்கணும்" என்றேன்.

"எந்த விதைம்மா?" என்றாள்.

அவளுக்கு ஞாபகமே இல்லை. எனக்கு இனி மறக்காது.