பேடி என்று சொன்னவள்

என் செல்ல அப்பா,

ஆமாம், இந்தப் படத்திலும் பறவைதான் முதலில் பறக்கிறது. காட்டுக்குள் ஆறு பேர் துப்பாக்கியோடு நடந்து வருகிறார்கள். ஒரு மரத்திலிருந்து வெள்ளையாக ஏதோ சடசடவென்று எழும்புகிறது. கதாநாயகன் கையை உயர்த்துகிறான். எல்லோரும் நிற்கிறார்கள். இசையும் நிற்கிறது. அப்புறம்தான் முதல் குண்டு.

அந்தப் பழைய ஞாயிற்றுக்கிழமைகளாக இருந்தால் நாற்காலியை டிவிக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டு சிரித்திருப்பீர்கள். “மோளே, பட்சி பறந்தாச்சு. இனி ஹீரோ சாக மாட்டான், கேட்டியா.”

நீங்கள் போய்ப் பதினொரு மாதம். திருவனந்தபுரத்துக் கரமனை வீட்டில் டிவி இருந்த மேசையில் இப்போது என் லேப்டாப் இருக்கிறது. ஒரு மலையாள யுத்தப் படத்துக்குத் தமிழ் வசனம் எழுதுகிறேன், டப்பிங்குக்காக. மூன்று வாரமாக அந்தக் காட்டுக்குள்தான் இருக்கிறேன். உங்களுக்குப் பிடித்திருக்காது. மழை மட்டும் நன்றாக இருக்கிறது.

பதினாறு வருடம் பட்டாளத்தில் இருந்தீர்கள். பிறகு சாலைக் கடைத்தெருவில் ஒரு இரும்புக் கடையில் ஆணியும் தாழ்ப்பாளும் எடுத்துக் கொடுத்தீர்கள். பட்டாளத்தைப் பற்றிப் பேச மாட்டீர்கள். ஆனால் யுத்தப் படம் என்றால் எந்த மொழியானாலும் பார்ப்பீர்கள். ஞாயிறு மதியம், நானும் நீங்களும். அம்மா வர மாட்டாள்.

பல்கலைக்கழகத்தில் ஒரு பருவம் சினிமா படித்தேன். கேமரா யாரோடு நிற்கிறது என்று பார்க்கச் சொன்னார்கள். பார்த்தேன். பதுங்கித் தாக்கும் காட்சிகளில் அது முதலிலேயே பதுங்கியிருப்பவர்களோடு போய் உட்கார்ந்துவிடுகிறது. இலைகளுக்கு நடுவே ஒரு கண். விசையில் ஒரு விரல். நமக்கு எல்லாம் தெரியும். நடந்து வருகிறவர்களுக்கு மட்டும் தெரியாது. திடீர்த் தாக்குதல் படத்தில் திடீரென்று நடப்பதே இல்லை.

இதைப் பதினெட்டுப் பக்கக் கட்டுரையாக எழுதினேன். நீங்கள் எப்போதோ ஒரே வரியில் சொல்லி முடித்திருந்தீர்கள். “டிக்கெட் எடுத்தவனுக்குக் காட்டிக் கொடுத்தாச்சு, இல்லியா?”

பறவையைப் பற்றியும் சொன்னீர்கள். “பட்சி நடக்கிறவனுக்குச் சொல்லாது. கிடக்கிறவனுக்காக்கும் சொல்லும்.” பதுங்கியிருப்பவன் மணிக்கணக்காக அசையாமல் கிடப்பான். பறவைகள் அவனை மறந்து திரும்பி வந்துவிடும். ஆள் நடந்து வரும்போதுதான் அவை மறுபடி எழும்பும். கிடப்பவன் அதைப் பார்த்து விரலைத் தயாராக வைத்துக்கொள்வான்.

அப்படியென்றால் நீங்களும் கிடந்திருக்கிறீர்கள். “ஆள் வந்தாங்களா அப்பா?” என்று கேட்டேன். நீங்கள் டிவி சத்தத்தைக் குறைத்தீர்கள். பிறகு கூட்டினீர்கள். வந்தார்களா?

போன வாரம் ஸ்டுடியோவில் ஒலி சேர்க்கிற அறைக்குப் போனேன். பழைய கேசட் நாடாவைத் தரையில் குவித்துப்போட்டு ஒருவர் அதன்மேல் மெதுவாக நடந்துகொண்டிருந்தார். திரையில் ஆறு பேர் சருகில் நடந்தார்கள். ஏசி அறை. பிளாஸ்க்கில் சாயா. அட்டை எங்கே என்று கேட்க நினைத்தேன். எல்லாப் படத்திலும் நீங்கள் கேட்பது. “இத்தற மழை பெய்யுது, ஒருத்தன் கால்லகூட அட்டை இல்லியா?”

இனி அந்தச் சொல்லுக்கு வருகிறேன்.

எனக்குப் பதின்மூன்று வயது. மழை. படத்தில் பாதித் தாக்குதலில் கரண்ட் போய்விட்டது. இருண்ட திரையைப் பார்த்துக்கொண்டே சொன்னீர்கள்.

“நெஜத்தில எட்டுப் பத்தடி தள்ளித்தள்ளியாக்கும் நடப்போம். முன்னால போறவனோட முதுகு மட்டும் தெரியும். அன்னிக்கு அந்த முதுகு இல்லாமப் போச்சு. அதுக்குப் பொறகுதான் சத்தம். எங்கேருந்துன்னு தெரியல்ல. காட்டில சத்தத்துக்கு திசை கிடையாது மோளே. எனக்கு பேடி வந்து. காலு அனங்கல்ல. அவன் கூப்பிட்டான். நான் போகல்ல.”

எவ்வளவு நேரம் நடந்தது என்று கேட்டேன்.

“ஒரு சாயா குடிக்கிற நேரம். அதுக்குள்ள எல்லாம் தீர்ந்து.”

கரண்ட் வந்தது. கதாநாயகன் உருண்டு எழுந்து நான்கு பேரைச் சுட்டான். நீங்கள் டிவியை அணைத்தீர்கள்.

நம் ஊரில் அனங்கல்ல என்றால் அசையவில்லை. பேடி என்றால் பயம். மலையாளத்திலிருந்து வந்து நம் வீட்டுத் தமிழில் உட்கார்ந்துகொண்ட சொல். நாயைக் கண்டால் பேடி. பரீட்சை என்றால் பேடி. பயத்துக்கு எனக்குத் தெரிந்த ஒரே சொல் அதுதான். மதுரையில் பேடி என்றால் கோழை, ஆண்மையில்லாதவன். இதை எனக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை.

அடுத்த வருடம் மதுரையில் மாமா மகள் கல்யாணம். அம்மாவின் அண்ணன், அந்த மாமாவுக்கு உங்களைப் பற்றி எப்போதும் ஒரு பெருமை. பந்தியில் உட்கார்ந்ததும் ஆரம்பித்துவிட்டார். “எங்க மாப்ள சும்மா ஆளு இல்லப்பா. காட்டுக்குள்ள சண்டை போட்டவரு. எத்தனை பேரத் தூக்குனீங்க மாப்ள, சொல்லுங்க.”

நீங்கள் இலையைப் பார்த்துச் சிரித்தீர்கள். எனக்குத் தாங்கவில்லை. எனக்கு மட்டும்தானே தெரியும்.

“நான் சொல்லட்டா மாமா? அப்பாக்கு அன்னிக்கு ஒரே பேடி. காலே அனங்கல்ல.”

“என்னது? பேடியா?”

“ஆமா. பேடி.”

பந்தி முழுக்கச் சிரித்தது. “பெத்த புள்ளையே பேடிங்குது மாப்ள!” மாமாவுக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறியது. நீங்களும் சிரித்தீர்கள். பாயசம் ஊற்ற வந்தவரிடம் வேண்டாம் என்று கையைக் காட்டினீர்கள்.

திரும்பி வரும் பஸ்ஸில் ஏன் சிரித்தார்கள் என்று கேட்டேன்.

“அவங்க ஊர்ல அந்த வாக்குக்கு வேற அர்த்தமாக்கும்.”

“என்ன அர்த்தம்?”

“வீட்ல போய் டிக்‌ஷனரி பாரு.”

பார்த்தேன். அதன்பிறகு உங்கள் முன்னால் வரவே எனக்கு நாலு நாள் ஆனது. நீங்கள் திட்டவில்லை. திட்டியிருக்கலாம். அடுத்த ஞாயிறு படம் பார்க்க உட்கார்ந்தோம். பறவை பறந்தது. நீங்கள் தண்ணீர் குடிக்க எழுந்து போனீர்கள். சண்டை முடிந்தபிறகு வந்தீர்கள். பிறகு எல்லா ஞாயிறும் அப்படித்தான். அந்த முதுகைப் பற்றியோ, அந்த ஆள் கூப்பிட்டதைப் பற்றியோ மறுபடி நீங்கள் பேசவே இல்லை.

நான் ஒரு கதையைத் தவறாகச் சொன்னேன் என்று மட்டும்தான் பல வருடம் நினைத்திருந்தேன். அந்தக் கதை உங்களை விட்டு வெளியே வருவதற்கு இருந்த ஒரே வாசலை அடைத்தேன் என்று இப்போது தோன்றுகிறது.

உங்களை எடுத்த அன்று மாமா வந்திருந்தார். அழுதார், நிஜமாகவே அழுதார். வாசலில் நின்றவர்களிடம் சொன்னார்: “தங்கமான மனுசன். பட்டாளத்துல இருந்தவருன்னாலும் பூச்சியக்கூட மிதிக்க மாட்டாரு. பேடி மாப்ளன்னுதான் நாங்க கூப்பிடுவோம். புள்ளையே வச்ச பேரு.”

அன்போடுதான் சொன்னார். இரண்டு பேர் லேசாகச் சிரித்தார்கள். நான் பக்கத்தில்தான் நின்றேன், அப்பா. எனக்கு நாக்கு அசையவில்லை.

செவ்வாய்க்கிழமை செல்வம் சார் சென்னையிலிருந்து போன் செய்தார். தமிழ் டப்பிங்குக்கு அவர்தான் இயக்குநர். படத்தில் அந்தத் தாக்குதலின் நடுவே ஒரு சின்னப் பையன் வருகிறான், சேர்ந்து மூன்று மாதமே ஆன சிப்பாய். மரவேரைக் கட்டிப் பிடித்துக்கொண்டு தன் அதிகாரியிடம் மலையாளத்தில் “பேடியாவுன்னு சார்” என்கிறான். பயமாக இருக்கிறது என்று. முழுப் படத்திலும் உங்களுக்குப் பிடித்திருக்கக்கூடிய வசனம் அது ஒன்றுதான். நான் தமிழில் எழுதி அனுப்பியிருந்தேன்.

“மேடம், அந்தக் காட்டு சீன்ல ‘பேடியா இருக்கு’ன்னு அடிச்சிருக்கீங்க. நம்ம பையன நாமளே திட்டலாமா?”

இரண்டாம் முறை. இரண்டு மொழி படித்து, எம்.ஏ. முடித்து, கூலி வாங்கிக்கொண்டு வசனம் எழுதுகிற இந்த வயதிலும் என் விரல் முதலில் அந்தச் சொல்லுக்குத்தான் போயிருக்கிறது.

“ஸாரி சார். பயம்னு மாத்திடறேன்.”

“பயமும் வேணாம் மேடம். ‘வாங்கடா, பாத்துக்கலாம்’னு போடுங்க. தியேட்டர்ல விசில் விழணும்ல?”

“உதடு சேராது சார். பேடின்னா உதடு மூடித் திறக்குது. பயம்னாலும் அப்படித்தான். வாங்கடாவுக்கு மூடாது.”

“அவன் மூஞ்சி பூரா சேறு. உதட்ட யாரு மேடம் பாக்கப்போறா?”

“நான் பாத்தேன் சார்.”

அவர் சிரித்தார். நல்ல மனிதர்தான். “வெள்ளிக்கிழமை ரெக்கார்டிங். உங்க ஊருக்குத்தான் வர்றேன். அதுக்குள்ள மாத்தி வைங்க. இல்லன்னா நானே போட்டுக்கறேன்.”

அந்தக் காட்சியை மறுபடி பார்த்தேன். பையனின் கையைப் பார்த்தேன். வேரைப் பிடித்திருக்கிற விரல்கள் வெளுத்துப்போயிருக்கின்றன. இந்த வாயில் “வாங்கடா” என்று வைத்தால் என்ன ஆகும்? ஒன்றும் ஆகாது. விசில் விழும். மதுரையிலும் விழும். காட்டில் சிக்கிய இன்னொருவன் வீரனாகிவிடுவான், உங்களிடம் மாமா கேட்டது போல.

ஒன்று யோசித்தேன். நம் ஊர்ப் பேச்சில் பேடி வரும், போகும். காய்ச்சல் போல. உங்களுக்கு அன்று வந்தது. மதுரையில் அது வருவதில்லை, போவதும் இல்லை. அங்கே அது ஓர் ஆள். நான் உங்களுக்கு வந்ததைச் சொன்னேன். அவர்கள் உங்களையே அதுவாக்கிவிட்டார்கள்.

ஆனாலும் அவர் கூப்பிட்டார், நீங்கள் போகவில்லை. அதை நான் எந்த மொழியிலும் திருத்த முடியாது. திருத்தவும் மாட்டேன். நீங்கள் எதையும் குறைத்துச் சொல்லவில்லை.

சாயங்காலம் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். கை நின்றது.

“முன்னால போனவரு கூப்பிட்டாருன்னா சொன்னாரு?”

அவளுக்குத் தெரியாது. இத்தனை வருடம் கூடவே இருந்தவளுக்கு. “எங்கிட்ட மழையும் அட்டையும்தான்டி சொல்லுவாரு” என்றாள். பிறகு கீரைத்தட்டைத் தள்ளி வைத்தாள். “உங்கிட்டதான சொன்னாரு. அப்ப நீதான் சொல்லணும். எங்கண்ணனுக்கு நான் சொன்னா ஏறாது.”

இன்று காலை வசனத்தை அனுப்பிவிட்டேன். “பயமாருக்கு சார்.” அவ்வளவுதான். இந்த வரி மாறினால் படத்தில் என் பெயர் வேண்டாம் என்று கீழே ஒரு குறிப்பும் எழுதினேன். செல்வம் சார் இன்னும் பதில் போடவில்லை. அடுத்த படம் எனக்கு வராமல் போகலாம்.

வெள்ளிக்கிழமை ரெக்கார்டிங் அறையில் நான் இருப்பேன், அப்பா. அந்தப் பையன் தமிழிலும் பயப்படுவான். பயந்ததற்காக அவனை யாரும் வேறு பெயர் சொல்லிக் கூப்பிட விடமாட்டேன். உங்களையும்தான். இது உறுதி.

உங்கள் ஒரே மகள்,
மோள்

எழுதி முடித்ததும் மதுரைக்குப் போன் செய்தேன். மாமாதான் எடுத்தார். அப்பாவைப் பற்றிக் கொஞ்சம் பேச வேண்டும், உட்கார்ந்துகொள்ளுங்கள் என்றேன்.