நிறம் பார்க்க வேண்டாம்

மாதா துணை.

ஞானமணியின் அப்பாவுக்கு ஸ்தோத்திரம். பாப்பாவின் இருமல் எப்படி இருக்கிறது? காலையில் கோட்டைப்பட்டினம் பஸ்ஸில் இரண்டு புட்டி மருந்து கொடுத்துவிட்டபோது நான், கம்பவுண்டர், கண்டக்டர் சவரியப்பன், மூன்று பேர் இருந்தோம்.

"செவப்பு குடிக்க, பச்சை நெஞ்சுல தேய்க்க. மறப்பேனாக்கா?" என்றார் சவரியப்பன். நானும் சிரித்தேன். பிறகு இங்கே ஆஸ்பத்திரிச் சமையலுக்கு மிளகாய் ஆயும்போதுதான் உங்கள் ஞாபகம் வந்தது. சிவந்த பழமும் பச்சைக் காயும் உங்கள் கண்ணுக்கு ஒரே நிறமாயிற்றே!

தேய்க்கிற மருந்து வயிற்றுக்குள் போனால் விஷம். நிறம் பார்க்க வேண்டாம், மோந்து பாருங்கள். தேய்க்கிறதில் கற்பூர வாசம் அடிக்கும். மற்றதைக் குடிக்கக் கொடுங்கள். ஏற்கெனவே மாற்றிக் கொடுத்திருந்தால் எழுத உட்காராமல் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறுங்கள். இல்லையென்றால், இந்தக் கடிதம் கொண்டுவரும் பஸ்ஸிலேயே பதில் கொடுத்துவிடுங்கள். வாசலில் நிற்பேன்.

அடைக்கலமேரி